குளம் வற்றினால் பறவையைக் குறை சொல்லலாமா?

கடந்த வருடம் எங்கள் தமிழ் மன்றத்தில் ஒரு விவாதப் போட்டி நடந்தது. "கிராமங்களின் வீழ்ச்சிக்குக் காரணம் நகர மோகமே" என்பது தலைப்பு. நான் தலைப்பை ஆதரித்துப் பேசிய அணியில் இருந்தேன். பச்சை வயல், குளத்துக் காற்று, கூடிவாழும் உறவுகள் என்று கிராமத்தைப் புகழ்ந்தேன். வெளிச்சத்தைக் கண்டு விழும் விட்டிலைப் போல மக்கள் நகரத்தில் வந்து விழுகிறார்கள் என்றேன். முடிவில் மூதுரையைத் துணைக்கு அழைத்தேன். நீர் வற்றியதும் பறந்துபோகும் பறவைகளைப் போன்றவர்கள் உறவினர் அல்லர், அந்தக் குளத்திலேயே கிடந்து வாடும் கொட்டியையும் ஆம்பலையும் நெய்தலையும் போன்றவர்களே உறவினர் என்று ஔவையார் சொல்லும் பாடலைச் சொல்லி அமர்ந்தேன். கைதட்டல் கிடைத்தது. எங்கள் அணியே வென்றது.

அன்று மாலை வீட்டில் வாப்பாவிடம் முழுப் பேச்சையும் திரும்பவும் பேசிக் காட்டினேன். புறக்கோட்டைக் கடையில் நாள் முழுவதும் நின்று களைத்து வந்திருந்த அவர் சிரித்துக்கொண்டுதான் கேட்டார். கடைசியில், "அப்ப மகள், நாங்களும் அந்தப் பறவைதானே?" என்றார்.

எனக்குப் பதில் வரவில்லை. ஏனென்றால் நாங்களும் கிராமத்தை விட்டு வந்தவர்கள். ஆறு வருடங்களாகக் கொழும்பில் வாடகை வீட்டில் இருக்கிறோம். மேடையில் நான் ஏசியது என் வாப்பாவையும் உம்மாவையும்தான் என்பது அப்போதுதான் உறைத்தது. விவாதத்தில் நான் சொன்னது தவறு என்று இப்போது நினைக்கிறேன். அந்தத் தவறைத் திருத்திக்கொள்ளவே இதை எழுதுகிறேன்.

அநுராதபுரத்திலிருந்து திருகோணமலைக்குச் செல்லும் வீதியில் கஹட்டகஸ்திகிலிய என்ற சிறுநகரம் இருக்கிறது. அதிலிருந்து உள்ளே போனால் வரும் குளக்கரைக் கிராமங்களில் ஒன்றுதான் எங்கள் ஊர். சுற்றிலும் சிங்களக் கிராமங்கள். நடுவில் தமிழ் பேசும் முஸ்லிம்களாகிய நாங்கள். ஒரே குளத்து நீரைத்தான் இரு சாராரும் வயலுக்குப் பாய்ச்சுகிறோம். ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் அநுராதபுரம் இந்நாட்டின் தலைநகராக இருந்ததற்கும், அதைச் சுற்றி இத்தனை கிராமங்கள் எழுந்ததற்கும் காரணம் குளங்கள். குளம் எங்கே கட்டப்பட்டதோ அங்கே மனிதர் போய்க் குடியேறினார்கள். அவர்களை யாரும் 'குள மோகம்' கொண்டவர்கள் என்று சொல்லவில்லை. வாழ வழி இருக்கும் இடத்துக்கு மனிதன் போவது இயல்பு.

எங்கள் ஊர்க் குளம் இன்னும் வற்றவில்லை. மாரி பெய்தால் இப்போதும் நிறைந்து தளம்பும். வற்றியவை வேறு.

முதலில் வற்றியது காணி. மூத்தப்பாவுக்குக் குளத்தின் கீழ் ஐந்து ஏக்கர் வயல் இருந்தது. அவருக்கு நான்கு பிள்ளைகள். பங்கு பிரித்தபோது வாப்பாவுக்கு ஒன்றரை ஏக்கருக்கும் குறைவாகவே கிடைத்தது. பெரும்போகம் சரியாக விளைந்தால் வருடச் சாப்பாட்டுக்கு நெல் மிஞ்சும். கடன் கொடுக்க மிஞ்சாது. சிறுபோகத்துக்குக் குளத்தில் நீர் போதுமா என்பதை ஒவ்வொரு வருடமும் விவசாயிகள் கூட்டத்தில்தான் தீர்மானிப்பார்கள். அறுவடை நேரத்தில் எல்லாருடைய நெல்லும் ஒன்றாகக் களத்துக்கு வருவதால் விலை விழும். சேனைப் பயிருக்குப் போனால் இரவெல்லாம் யானைக்குக் காவல் இருக்க வேண்டும். முன்பு வயல் இல்லாதவர்களுக்கு அருவி வெட்டும் கூலி வேலை இருந்தது. பத்துப் பேர் நாள் முழுதும் செய்ததை இப்போது இயந்திரம் ஒரு மணித்தியாலத்தில் முடித்துவிடுகிறது.

என் சின்ன மாமா எங்களைப் போல வெளிக்கிடாமல் ஊரிலேயே நின்றவர். 2021 ஆம் ஆண்டு மே மாதத்தில் இரசாயன உர இறக்குமதிக்குத் தடை வந்தது. நவம்பரில் அந்தத் தடையை நீக்கினார்கள். ஆனால் மாமாவின் பெரும்போகம் அதற்குள் பிழைத்துவிட்டது. உரம் போடாத நெல் முழங்காலளவில் மஞ்சளாக நின்றதை அவர் தொலைபேசியில் படம் எடுத்து அனுப்பியிருந்தார். அடுத்த வருடம் லேண்ட்மாஸ்டரை விற்றார். இப்போது தெமட்டகொடையில் முச்சக்கரவண்டி ஓட்டுகிறார். அவரிடம் போய் "ஏன் மாமா நகர மோகத்தில் விழுந்தீர்கள்?" என்று கேட்க எனக்கு வாய் வராது.

இரண்டாவதாக வற்றியது பாடசாலை. எங்கள் குடும்பத்தைப் பொறுத்தவரையில் இதுவே பெரிய காரணம். எங்கள் ஊர்ப் பாடசாலை பதினோராம் தரம் வரைதான். ராத்தா பத்தாம் தரம் படித்தபோது விஞ்ஞான ஆசிரியரின் இடம் ஒரு வருடத்துக்கு மேல் வெறுமையாக இருந்தது. வரலாறு படிப்பித்த ஆசிரியை ஒருவர்தான் பாவம், விஞ்ஞானப் புத்தகத்தையும் வாசித்துக் காட்டினார். அப்படியிருந்தும் சாதாரண தரப் பரீட்சையில் ராத்தா விஞ்ஞானத்தில் ஏ சித்தி எடுத்தாள்.

அதன் பிறகுதான் பிரச்சினை தொடங்கியது. நாட்டில் ஏறத்தாழ 10,000 அரசாங்கப் பாடசாலைகள் இருக்கின்றன. அவற்றில் உயர்தர விஞ்ஞானப் பிரிவு உள்ள 1ஏபி பாடசாலைகள் பத்தில் ஒன்றளவுதான். அவற்றிலும் தமிழ்மொழி மூலம் படிக்கக்கூடிய பாடசாலையை எங்கள் பக்கத்தில் தேடுவது கல்லில் நார் உரிப்பது போன்றது. வாப்பா மோட்டார் சைக்கிளில் போய் விசாரித்துக்கொண்டு வருவார். ஓரிடத்தில் உயிரியலுக்கு ஆசிரியர் இருந்தால் இரசாயனவியலுக்கு இல்லை. இரண்டுக்கும் ஆசிரியர் இருந்த இடத்தில் தங்குமிடம் இல்லை. கிட்டிய சிங்களப் பாடசாலையில் எல்லாமே இருந்தன. ஆனால் பதினொரு வருடம் தமிழில் படித்த பிள்ளை எப்படித் திடீரென்று சிங்களத்தில் இரசாயனவியல் படிப்பது?

ராத்தாவின் வகுப்பில் விஞ்ஞானத்தில் ஏ எடுத்தவர்கள் மூவர். ஒருத்தியைக் கண்டியில் உறவினர் வீட்டில் விட்டார்கள். ராத்தாவுக்காக நாங்கள் குடும்பத்தோடு கொழும்புக்கு வந்தோம். மூன்றாமவளின் வாப்பா கூலி வேலை செய்பவர். அவர்களுக்குக் கண்டியிலும் யாருமில்லை, கொழும்பிலும் யாருமில்லை; பஸ்ஸுக்குக் கொடுக்கவே காசில்லை. அவள் வீட்டில் நின்றாள். பத்தொன்பது வயதில் கலியாணம் முடிந்தது. மூவரிலும் கெட்டிக்காரி அவள்தான் என்று ராத்தா இன்றும் சொல்வாள். கிராமத்தை விட்டுப் போகிறவர்களைப் பற்றி நாம் நிறையப் பேசுகிறோம். போகவும் முடியாமல் நின்றுவிடுகிறவர்களைப் பற்றிப் பேசுவதில்லை. இடம்பெயர்வதற்கும் கொஞ்சம் வசதி வேண்டும். சிறகு உள்ள பறவைதானே பறக்கும்?

மூன்றாவது காரணம் வைத்தியம். வடமத்திய மாகாணத்தில் விவசாயிகளிடையே சிறுநீரக நோய் பரவியிருப்பது 1990களிலிருந்தே தெரிந்த விடயம். எங்கள் பக்கத்து வீட்டு மாமாவை இரத்தச் சுத்திகரிப்புக்காகக் கிழமைக்கு இருமுறை அநுராதபுரம் கொண்டுபோக வேண்டியிருந்தது. போகும் நாளில் அவருடைய மகனுக்கும் வேலை இல்லை. சில மாதங்களில் அந்தக் குடும்பம் வைத்தியசாலைக்குக் கிட்ட அறையெடுத்துப் போய்விட்டது. அவர்களையும் நான் விட்டில் பூச்சிகள் என்றுதானே சொன்னேன்!

வேலையைப் பற்றி நீட்டி எழுதத் தேவையில்லை. 1978 இல் கட்டுநாயக்கவில் சுதந்திர வர்த்தக வலயம் தொடங்கியது முதல் எத்தனையோ கிராமத்துப் பெண்கள் அங்கே ஆடைத் தொழிற்சாலைகளுக்குப் போனது எல்லாருக்கும் தெரியும். தொழிற்சாலை கிராமத்துக்கு வரவில்லை. பெண்கள்தான் தொழிற்சாலைக்குப் போனார்கள். 2012 ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி நாட்டு மக்கள் 2 கோடியே 3 இலட்சம் பேரில் ஏறத்தாழ 58 இலட்சம் பேர் மேல் மாகாணத்தில் இருந்தார்கள். அந்த மாகாணத்தின் பரப்போ நாட்டின் நிலத்தில் சுமார் 6 வீதம் மட்டுமே.

இங்கே இன்னொரு விடயமும் உண்டு. அதே கணக்கெடுப்பில் நாட்டு மக்களில் 18 வீதத்தினர்தான் நகரவாசிகள் என்று வருகிறது. "அப்படியென்றால் நம் நாட்டில் எல்லாரும் கிராமத்தில்தானே இருக்கிறார்கள்?" என்று எதிரணித் தோழி என்னை மடக்கியிருக்கலாம். மாநகர சபை, நகர சபை எல்லைக்குள் இருப்பவர்களை மட்டும் நகரத்தவர் என்று எண்ணுவதால் வரும் கணக்கு அது. 1987 இல் பட்டின சபைகள் ஒழிக்கப்பட்டுப் பிரதேச சபைகளோடு சேர்க்கப்பட்டன. அதனால் கொழும்பு மாவட்டத்து ஹோமாகமைகூடக் கணக்கில் கிராமமாகிவிட்டது. ஆகவே ஏட்டில் உள்ள தொகையை வைத்துக்கொண்டு, மக்கள் நகரத்துக்குப் போகவில்லை என்று ஆறுதலடைய முடியாது.

நகரத்தில் எங்களுக்குக் கிடைத்தது என்ன? நாங்கள் இருப்பது வெல்லம்பிட்டியில். வீட்டுச் சுவரில் என் நெஞ்சளவு உயரத்தில் ஒரு மங்கலான கோடு இருக்கிறது. 2016 மே மாதத்தில் களனி கங்கை பெருகியபோது தண்ணீர் நின்ற மட்டம் அது என்று வீட்டுக்காரர் சொன்னார். பக்கத்தில்தான் மீதொட்டமுல்லை. 2017 ஏப்ரல் 14 ஆந் திகதி, புத்தாண்டு நாளில், அங்கே குப்பைமேடு சரிந்து 30 பேருக்கு மேல் இறந்துபோனார்கள். நகரத்துக்கு வரும் ஏழைக்கு நகரம் கொடுப்பது பள்ளமான நிலத்தையும் குப்பைமேட்டு ஓரத்தையும்தான். இதையெல்லாம் அறிந்தும் மக்கள் அங்கே இருக்கிறார்கள். வெளிச்சத்துக்கு ஆசைப்பட்டு ஒருவரும் வெள்ளத்துக்குள் குடியிருக்க மாட்டார்கள். மோகம் என்றால் ஒரு வெள்ளத்தோடு தெளிந்திருக்கும்.

எங்கள் வீட்டில் இந்த இடமாற்றத்துக்கு அதிக விலை கொடுத்தவர் உம்மா. ஊரில் இருப்பது உம்மாவின் வீடு. கலியாணத்தின்போது உம்மாவின் பேரில் எழுதிக் கொடுத்தது. முற்றத்து மாமரம், கிணறு, பின்வளவுக் கோழிக்கூடு எல்லாம் அவருடையவை. வீட்டுக்கு யார் வந்தாலும் உம்மாவைக் கேட்டுத்தான் உள்ளே வருவார்கள். கொழும்பிலோ சுவரில் ஓர் ஆணி அடிப்பதற்கும் அவர் வீட்டுக்காரரிடம் கேட்க வேண்டியிருக்கிறது. ஊரில் வீட்டுக்காரி, இங்கே வாடகைக்காரி. இதை அவர் ஒரு நாளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. பெருநாளைக்கு ஊருக்குப் போகும்போது பஸ்ஸிலேயே திறப்பைக் கையில் எடுத்து வைத்துக்கொள்வார். அதைப் பார்த்துத்தான் நான் தெரிந்துகொண்டேன்.

ஆனால் நியாயமாகப் பேசினால் மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். ஊரில் ஒரு பெண்பிள்ளை பின்னேர வகுப்புக்குப் போய் மஃரிபுக்குப் பிந்தி வந்தால், அவள் வீட்டுக்கு வருமுன்னமே கதை வந்துவிடும். எல்லாரும் தெரிந்தவர்கள் என்பது எங்களுக்குப் பாதுகாப்பு. சில வேளை அதுவே பூட்டு. கொழும்பில் நான் நூலகத்துக்குத் தனியாகப் போய் வருகிறேன். ஊரில் பதினேழு வயதில் அது முடிந்திருக்காது. கிராமத்தைத் தங்கக் கிண்ணமாக வர்ணிக்கும் கட்டுரைகளில் இது வருவதில்லை. நான் பேசிய பேச்சிலும் வரவில்லை.

இஸ்லாமிய வரலாற்றைப் படித்த நமக்கு இடம்பெயர்வு புதிதல்ல. நம் ஆண்டுக் கணக்கே ஹிஜ்ரத்திலிருந்துதான் தொடங்குகிறது. நபி (ஸல்) அவர்கள் மக்காவை வெறுத்துப் போகவில்லை. அங்கே வாழவிடாமல் செய்தார்கள். அதனால் நெஞ்சில் துயரத்தோடு பிரிந்தார்கள். நம் நாட்டிலும் 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து ஏறத்தாழ 75,000 முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டார்கள். துப்பாக்கி முனையில் துரத்தப்பட்டதற்கும் நாங்கள் பஸ் ஏறி வந்ததற்கும் பெரிய வேறுபாடு உண்டு. இரண்டையும் ஒன்றென்று நான் சொல்ல மாட்டேன். ஆனாலும், புறப்பட்டுப் போன மனிதனைக் குற்றம் சாட்டுமுன் அவனைப் போகச் செய்தது எது என்று கேட்கும் பண்பை ஹிஜ்ரத் நமக்குக் கற்றுத் தந்திருக்க வேண்டும்.

இந்தக் கேள்வியை ஏறத்தாழ 650 வருடங்களுக்கு முன் நன்றாகச் சிந்தித்தவர் இப்னு கல்தூன். 1377 இல் எழுதிய முகத்திமாவில் அவர் கூறுவதன் கருத்து இது: நாட்டுப்புற வாழ்க்கையே முந்தியது, நகரங்களுக்கு அதுவே அடிப்படை. ஆனால் நாட்டுப்புறத்தவர் தங்கள் அத்தியாவசியத் தேவைகளுக்காக நகரத்தில் தங்கியிருக்கிறார்கள். நகரத்தவரோ வசதிகளுக்காகவே நாட்டுப்புறத்தாரில் தங்கியிருக்கிறார்கள். ஆகவே நகரத்தின் கை ஓங்குகிறது. அவர் கண்டது வட ஆபிரிக்காவை. எனக்கோ எங்கள் ஊர்தான் நினைவுக்கு வந்தது. நாங்கள் கொழும்புக்கு அனுப்புவது நெல். கொழும்பிலிருந்து எங்களுக்கு வேண்டியவை ஆசிரியர், வைத்தியர், பரீட்சை, கடவுச்சீட்டு, கையொப்பம். நெல்லை எந்த ஊரிலும் வாங்கலாம். கையொப்பத்தை அப்படி வாங்க முடியாது.

நகரத்தை யாரும் தேடிப் போவதில்லை. நகரத்தில் கொண்டுபோய் வைக்கப்பட்ட ஒன்றைத் தேடித்தான் போகிறார்கள். எங்கள் குடும்பம் தேடி வந்தது ஓர் இரசாயனவியல் ஆசிரியரை. அவர் எங்கள் ஊரில் இருந்திருந்தால் நாங்களும் ஊரில் இருந்திருப்போம்.

இது வெறும் கற்பனை அல்ல. 1940களில் சி. டபிள்யூ. டபிள்யூ. கன்னங்கரா கல்வி அமைச்சராக இருந்தபோது இலவசக் கல்வியோடு மத்திய கல்லூரிகளையும் தந்தார். அவற்றைக் கொழும்பில் குவிக்காமல் நாட்டுப்புறங்களில் நிறுவினார். கிராமத்துப் பிள்ளை தன் பிரதேசத்திலேயே படித்துப் பல்கலைக்கழகம் போகலாம் என்பது அப்போதே நிரூபிக்கப்பட்டது. 1995 இல் கிழக்கில் ஒரு பல்கலைக்கழகக் கல்லூரி தொடங்கப்பட்டு, மறுவருடம் தென்கிழக்குப் பல்கலைக்கழகமாகியது. அதை எங்கே வைத்தார்கள்? வயலும் கடலும் சூழ்ந்த ஒலுவில் கிராமத்தில். இன்று நாட்டின் பல பக்கங்களிலிருந்தும் பிள்ளைகள் அந்தக் கிராமத்தைத் தேடிப் போகிறார்கள். 2021 இல் சிறுநீரக நோய்க்கான பெரிய வைத்தியசாலை பொலன்னறுவையில் திறக்கப்பட்டது. குளத்தைக் கட்டினால் பறவை தானாக வரும்.

குளத்தைக் கட்டாமல் வேறு சமாதானங்கள் செய்வதும் உண்டு. பல்கலைக்கழக அனுமதியில் பெரும்பாலான கற்கைநெறிகளுக்கு 40 வீதம் அகில இலங்கைத் திறமைக்கும், 55 வீதம் மாவட்டங்களுக்கும், 5 வீதம் பின்தங்கிய மாவட்டங்களுக்கும் ஒதுக்கப்படுகிறது. அநுராதபுர மாவட்டம் பின்தங்கிய பட்டியலிலும் இருக்கிறது. அங்கிருந்து பரீட்சை எழுதினால் எனக்குக் குறைந்த வெட்டுப்புள்ளி. ஆனால் பரீட்சைக்கு முந்திய வருடங்களில் எந்த மாவட்டத்தில் படித்தோம் என்றுதான் பார்க்கிறார்கள். ஆறு வருடங்களாகக் கொழும்பில் படிக்கும் நான் கொழும்புப் பிள்ளை. எனக்குக் கொழும்பின் வெட்டுப்புள்ளிதான். இதை வாப்பா நன்றாக அறிவார். அறிந்துகொண்டேதான் வந்தார். வெட்டுப்புள்ளியைக் குறைத்துக் கொடுத்தார்கள், ஆசிரியரை அனுப்பவில்லை. படிப்பிக்க ஆளில்லாத இடத்தில் குறைந்த புள்ளியால் என்ன பயன்?

இதுவரை நான் வாப்பாவின் பக்கம் நின்று பேசினேன். இனி நாங்களும் பதில் சொல்ல வேண்டிய இடத்துக்கு வருகிறேன்.

நாங்கள் வந்த பிறகு எங்கள் ஊர்ப் பாடசாலையில் பிள்ளைகள் குறைந்தார்கள். எங்களைத் தொடர்ந்து வேறு சில குடும்பங்களும் வெளிக்கிட்டன. பிள்ளைகள் குறைந்தால் ஆசிரியர் குறைவார்கள்; ஆசிரியர் குறைந்தால் இன்னும் சில குடும்பங்கள் போகும். கல்வி அலுவலகத்துக்குப் போய் "எங்களுக்கு ஆசிரியர் வேண்டும்" என்று வாதாடக்கூடிய பெற்றோர்தான் முதலில் போகிறவர்கள். பாடசாலை அபிவிருத்திச் சங்கத்தில் செயலாளராக இருந்தவர் என் வாப்பா. அவர் வந்த பிறகு கடிதம் எழுதவும் அங்கே ஆளில்லை. ஔவையார் சொன்னது குளம் வற்றியதால் பறவை போன கதை. எங்கள் ஊரில் பறவை போனதால் குளம் இன்னும் வற்றியது. இது எனக்கு வலிக்கிறது. எங்கள் பிழை என்று சொல்ல மாட்டேன். எங்கள் கடன் என்று சொல்வேன்.

அன்புத் தோழியரே, மரியாதைக்குரிய பெற்றோரே, இப்போது நான் சொல்லப் போவது சிலருக்குப் பிடிக்காமல் இருக்கலாம். எங்கள் ஊரில் ஒரு வருடத்துக்கு மேல் வெறுமையாக இருந்த அந்த விஞ்ஞான ஆசிரியர் இடத்துக்கு நியமனம் வராமல் இல்லை. வந்தது. தூரத்து நகரமொன்றிலிருந்து ஓர் இளம் ஆசிரியை வந்தார். மூன்று மாதம் நல்லாகப் படிப்பித்தார். பிறகு அவருடைய வீட்டார் யாரையோ பிடித்து, ஒரு கடிதம் எடுத்து, தங்கள் ஊருக்கே இடமாற்றம் பெற்றுக்கொண்டார்கள். அந்தக் கடிதம் அவர்களுக்கு ஒரு மகளின் வசதி. எங்கள் ஊருக்கு ஒரு வகுப்பின் படிப்பு. கஷ்டப் பிரதேசத்துக்குக் கிடைத்த முதல் நியமனத்தை மாற்றுவதற்கு அலைந்த பெற்றோர் நம்மிடையே இல்லையா?

பெற்றோரின் பயமும் எனக்குத் தெரியும். இருபத்தைந்து வயது மகளை யானை நடமாடும் ஊருக்கு எப்படித் தனியே அனுப்புவது? எங்கே தங்குவாள்? பஸ் எத்தனை மணிக்கு? இவை நியாயமான கேள்விகள். அந்தக் கேள்விகளுக்குப் பதில் ஆசிரியர் விடுதி, நேரத்துக்கு ஓடும் பஸ், ஊர்ப் பள்ளிவாசல் பொறுப்பெடுக்கும் நல்லதொரு தங்குமிடம். இடமாற்றத்துக்காக ஒவ்வொருவரும் தனித்தனியே ஓடும் ஓட்டத்தை, ஆசிரியர் விடுதி கேட்டு ஒன்றாக ஓடினால் என்ன? நகரத்திலுள்ள நமது பழைய மாணவியர் சங்கங்கள் தத்தமது பாடசாலைக்குக் கேட்போர் கூடம் கட்டுகின்றன. நல்லது. ஒரு வருடம் ஒரு கிராமத்துப் பாடசாலையில் இரண்டு அறை விடுதி கட்டினால் அதைவிடப் பெரிய தர்மம் எது?

கிராமத்திலிருந்து வந்தவர்களிடமும் ஒன்று கேட்பேன். ஊரை விட்டு வந்தது வெட்கப்பட வேண்டிய விடயமல்ல. ஆனால் வந்த பிறகு ஊரை மறைப்பது வெட்கம். ஊர்ப் பெயரைக் கேட்டால் "அநுராதபுரம்" என்று மட்டும் சொல்லித் தப்பிக்கொண்ட காலம் எனக்கும் இருந்தது. இப்போது முழுப் பெயரையும் சொல்கிறேன். லீவுக்குப் போனால் அங்கே பத்தாம் தரப் பிள்ளைகளுக்கு எனக்குத் தெரிந்த விஞ்ஞானத்தைச் சொல்லிக் கொடுக்கிறேன். பதினைந்து நாளில் கடன் தீராது. வட்டியாவது கட்டலாம் என்ற எண்ணம்தான்.

ராத்தா இப்போது கல்வியியற் கல்லூரியில் இறுதி வருடம். விஞ்ஞானம் படிப்பிக்கத்தான் பயிற்சி பெறுகிறாள். அடுத்த வருடம் நியமனம் வரும். வீட்டுக்கு வருகிற உறவினர்கள் இப்போதே வாப்பாவிடம், "யாரையாவது கண்டு கொழும்புக்குள்ளேயே எடுத்துப்போடுங்கோ" என்று சொல்லத் தொடங்கிவிட்டார்கள். எங்கே போட்டாலும் போவேன் என்கிறாள் ராத்தா. ஊர்ப் பக்கம் கிடைத்தால் உம்மும்மாவோடு தங்கிக்கொள்ளலாம், வீட்டுக்கும் விளக்கேற்ற ஆளிருக்கும் என்று உம்மா மெதுவாகச் சொல்லிப் பார்க்கிறார். உம்மும்மாதான் எங்கள் வீட்டின் ஆம்பல். எல்லாரும் பறந்த பிறகும் அந்தக் குளக்கரையிலேயே இருக்கிறார்.

வாப்பா கேட்ட கேள்விக்கு என் பதில் இதுதான்: ஆம் வாப்பா, நாங்கள் அந்தப் பறவைதான். பறந்ததில் குற்றமில்லை. குளத்தை வற்றவிட்டவர்கள் யார் என்று நான் மேடையில் கேட்டிருக்க வேண்டும், கேட்கவில்லை. அடுத்த முறை கேட்பேன். அதற்கு முன் உங்களிடம் ஒரு வேண்டுகோள். ராத்தாவின் நியமனம் எந்த ஊருக்கு வந்தாலும் அதை மாற்றுவதற்கு ஒரு கடிதமும் எடுக்காதீர்கள்.

இந்தக் கட்டுரையை மன்றத்துக்குக் கொடுக்குமுன் வாப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். கடைசி வரி வரை கேட்டார். இன்னும் ஒன்றும் சொல்லவில்லை.